எலியாஸ் அண்ணையின் வியாழக்கிழமைகள்

எலியாஸ் அண்ணை போய்விட்டார் என்ற செய்தி வந்த நேரத்தில், நான் வீட்டில் இல்லை என்று பொய் சொல்லிக்கொண்டிருந்தேன். மறைத்துப் பயனில்லை, என் மனுசன் சேவியர் ஏற்கெனவே கோயில் முழுக்கச் சொல்லித் திரிந்துவிட்டார். நடந்தது இதுதான். பங்கு மண்டபத்து வெள்ளை மேசைவிரிப்புகளை வீட்டுக்குக் கொண்டுவந்து தோய்த்தபோது, என்னுடைய சிவப்புச் சட்டை ஒன்று அவற்றுக்குள் போய் ஒளித்துக்கொண்டது. விரிப்புகளெல்லாம் றோசாப்பூ நிறமாகிவிட்டன. மண்டபத்துக்குப் பொறுப்பாளர் எலியாஸ் அண்ணை. சனிக்கிழமை காலையில் தொலைபேசி அடித்ததும், விரிப்புக் கேட்டு அவர்தான் எடுக்கிறார் என்று நினைத்து, நான் இல்லை என்று சொல்லும்படி சேவியருக்குக் கைகாட்டினேன். சேவியருக்குத் தமிழிலேயே பொய் வராது. ஜேர்மன் மொழியில் எப்படி வரும்? “தான் வீட்டில் இல்லை என்று அவள் சொல்கிறாள்” என்றார். பிறகு மெல்லக் கதிரையில் இருந்துகொண்டு றிசீவரை என்னிடம் நீட்டினார். மறுபக்கத்தில், மண்டபத்தில் அண்ணைக்கு உதவிக்கு வருகிற யோவாவ் அழுதுகொண்டிருந்தான்.

முதல்நாள் பின்னேரம் அவனும் அண்ணையும் மேசைகளை மேல்மாடிக்குத் தூக்கியிருக்கிறார்கள். படிக்கட்டின் நடுவில் எலியாஸ் அண்ணை மேசையைக் கீழே வைத்துவிட்டுப் படியில் இருந்தாராம். “கொஞ்சம் பொறு, வாறன்” என்றாராம். அவ்வளவுதான்.

இந்தக் கோயில் மலரை வாசிக்கிற உங்களில் பலருக்கு அவரைத் தெரியும். பெயர் தெரியாவிட்டாலும் ஆளைத் தெரியும். எங்கள் ஆட்களின் பிறந்தநாள் விழா முடிந்த பிறகு, கழுவுதொட்டியில் அடைத்த சோற்றைக் கம்பியால் குத்திக் குத்தி எடுத்துக்கொண்டு, “உங்கடை சனம் சோத்தைச் சாப்பிடுதோ, இல்லாட்டி நட்டு வளர்க்குதோ?” என்று கேட்கிற அந்த நரைமீசைக்காரர்தான். இந்த வுப்பர்டால் நகரத்தில் எங்கள் பங்கு மண்டபத்தின் ஹவுஸ்மைஸ்டர். திறப்பு, விளக்கு, கதிரை, தண்ணீர்க்குழாய் எல்லாம் அவர் பொறுப்பு. நான் அங்கே துப்புரவு வேலை செய்கிறவள். ஐந்தாம் வகுப்போடு மன்னாரில் பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவள். அழகான இரங்கலுரை எழுத எனக்கு ஏலாது. அவரைப் பற்றிக் கதைக்க ஏலும்.

அவர் பலஸ்தீனர். பெத்லகேமுக்குப் பக்கத்து ஊர், எங்களைப் போல வேதக்காரர். வேலைக்குப் போன முதல் நாள் அதைக் கேள்விப்பட்டதும், யேசுநாதர் பிறந்த ஊர்க்காரரோ என்று அவருடைய கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றப் போனேன். கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டார். இப்போதுதான் கக்கூஸ் குழாய் திருத்தியதாம். அங்கே இடையர்கள் இன்னும் இருக்கிறார்களா என்று கேட்டேன். தன் மச்சான் ஒருவர் ஆடு வளர்க்கிறார் என்றும், அவரிடம் வானதூதர் இறங்கி வந்தால் அவருக்கும் ஒரு கிழட்டு ஆட்டை விற்றுவிட்டுத்தான் அனுப்புவார் என்றும் சொன்னார். இந்த ஆளோடு வேலை செய்யலாம் என்று அந்த இடத்திலேயே முடிவு செய்துவிட்டேன்.

எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது நொண்டி ஜேர்மன். அவருடையதும் நொண்டி, என்னுடையதும் நொண்டி. இரண்டு நொண்டிகளும் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு நன்றாகவே நடந்தோம். அவர் அதில் சொன்னவற்றை இங்கே எங்கள் பேச்சில் எழுதுகிறேன். அண்ணை என்று நான் கூப்பிட்டதற்கு அர்த்தம் கேட்டறிந்து, தானும் என்னைத் தங்கச்சி என்று கூப்பிடப் பழகிக்கொண்டார். அவருக்குத் தெரிந்த ஒரே தமிழ்ச் சொல் அது. வேலை சொல்லும்போது மட்டும்தான் பாவிப்பார்.

இனி வியாழக்கிழமைகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். தொண்ணூற்று மூன்றில் பலஸ்தீனத் தலைவரும் இஸ்ரேல் தலைவரும் கைகுலுக்கியதைத் தொலைக்காட்சியில் எல்லோரும் பார்த்தோம். அதைப் பார்த்த கையோடு எலியாஸ் அண்ணை, இதே ஊரில் இருந்த றூத் என்ற இஸ்ரேல் நாட்டு அம்மாவிடம் போயிருக்கிறார். றூத் அம்மா பிள்ளைகளுக்குப் பியானோ சொல்லிக் கொடுப்பவர். பெரியவர்கள் அங்கே கை குடுத்திட்டினம், நாங்கள் இஞ்சை பக்கத்திலை நிண்டாவது பார்ப்பம் என்றாராம். அப்படித் தொடங்கியது. ஒவ்வொரு வியாழக்கிழமையும் மாலையில், சந்தைக் கடைகள் மூடுகிற நேரம், சதுக்கத்தில் பலஸ்தீனரும் இஸ்ரேலியரும் தோளோடு தோள் ஒரு மணித்தியாலம் நிற்பார்கள். பேசக்கூடாது. ஏசினாலும் பதில் இல்லை. ஒரு பக்கத்து ஆட்கள் மட்டும் நிற்கவே கூடாது. இரண்டு பக்கத்திலும் குறைந்தது ஒவ்வொருவராவது வந்தால்தான் நிற்பு. இல்லாவிட்டால் எல்லோரும் வீட்டுக்குப் போக வேண்டியதுதான். “ஒரு பக்கம் மட்டும் நிண்டா அது சண்டைக்கு ஆள் சேர்க்கிறது” என்பார்.

ஒரு முறை குடித்திருந்த ஒருவன் வந்து, இன்னதென்று இல்லாமல் எல்லாவற்றுக்கும் ஏசிவிட்டு, கையிலிருந்த பியரை எலியாஸ் அண்ணையின் சப்பாத்தில் ஊற்றினான். அவர் அசையவில்லை. மண்டபத்துக்கு வந்து காலுறையைப் பிழிந்துகொண்டிருந்தபோது, கோபம் வரவில்லையா என்று கேட்டேன். “வந்தது, தங்கச்சி. வந்தால் வந்திட்டுப் போகட்டும். நான் அதுக்குக் கதிரை போட்டுக் குடுக்கிறேல்லை” என்றார். பிறகு அந்தக் காலுறையை என்னிடம் நீட்டினார். அதற்குத்தான் தங்கச்சி.

நின்று முடித்த பிறகு மண்டபத்துக்கு வருவார்கள். கதிரைகளை வட்டமாக அவரே போடுவார். நடுவில் இரண்டு கதிரை எதிரும் புதிருமாக இருக்கும். அதில் இருக்கிற இருவரில் ஒருவர் தன் கதையைச் சொல்லலாம். மற்றவர் உடனே பதில் சொல்லக்கூடாது. முதலில், கேட்டதை அப்படியே திருப்பிச் சொல்ல வேண்டும். சொன்னவர் ஓம், அதுதான் நான் சொன்னது என்று தலையாட்டிய பிறகுதான் மற்றவர் வாய் திறக்கலாம். இதைக் கேட்க மிகச் சுலபம். செய்து பாருங்கள். முதல் நாள் நான் நிலம் துடைக்கிற சாக்கில் பார்த்துக்கொண்டு நின்றேன். பல்கலைக்கழகத்தில் படிப்பிக்கிற ஒருவர், எதிரே இருந்தவர் சொன்ன மூன்று வசனத்தைத் திருப்பிச் சொல்ல முடியாமல் நாலு தரம் தடுக்கினார். ஒவ்வொரு தரமும் நடுவில் தன்னுடைய ஒரு சொல்லைச் செருகிவிடுவார். எதிரே இருந்தவர் தலையாட்ட மாட்டார். எலியாஸ் அண்ணை ஓரத்தில் நின்று, “மிளகாய் போடாமல் தாருங்கோ” என்பார். அவர் சொன்ன சொற்களில் எனக்கு மிகவும் பிடித்தது அது.

இந்த வித்தையை, சாப்பாட்டுக் கடையில் வேலை செய்கிற சேவியரிடம் வீட்டில் செய்து பார்த்தேன். “நான் காலமை தொடக்கம் நிண்டு கோப்பை கழுவிப்போட்டு வாறன், இஞ்சை சோறும் இல்லை, கறியும் இல்லை” என்று சத்தம் போட்டுக்கொண்டு வந்தார். நான் முன்னால் இருந்துகொண்டு, “காலமை தொடக்கம் நிண்டு கோப்பை கழுவிப்போட்டு வாறீர், இஞ்சை சோறும் இல்லை, கறியும் இல்லை” என்று அமைதியாகத் திருப்பிச் சொன்னேன். மனுசன் திகைத்துப்போய்த் தலையாட்டினார். பிறகு அரிசியைத் தானே கழுவினார். இந்தப் பலஸ்தீனர்கள் பெரிய ஆட்கள் என்று அன்று விளங்கியது.

அதற்குள் வியாழக்கிழமை ஆட்களுக்குத் தேத்தண்ணி ஊற்றுவதும் என் வேலையாகியிருந்தது. ஆனால் அதே சேவியர் ஒரு நாள் உண்மையாகவே கேட்டார். “எங்கடை சனம் அங்கை சாகுது. நீர் ஆருக்கெண்டு தேத்தண்ணி ஊத்துறீர்?” இதைத் திருப்பிச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நீங்களும் பலர் என்னிடம் இதைக் கேட்டிருக்கிறீர்கள். அதற்குப் பதில் சொன்னது நான் இல்லை. யாழ்ப்பாணச் சனம் முழுக்க இரவோடு இரவாக வீடுகளை விட்டு வெளிக்கிட்ட அந்தத் தொண்ணூற்றைந்து ஐப்பசி முடிவில், நாங்கள் எல்லோரும் மழைக்குள் மெழுகுதிரியோடு கோயில் முன்னால் நின்றோமே, நினைவிருக்கிறதா? மெழுகுதிரி நின்று எரியாமல் நாங்கள் பட்ட பாடு! அப்போது பின்வரிசையில் குடை பிடித்துக்கொண்டு இரண்டு பேர் நின்றார்கள், எலியாஸ் அண்ணையும் றூத் அம்மாவும். எங்களுடைய செபம் ஒரு சொல்லும் அவர்களுக்கு விளங்கியிராது. முழுவதும் நின்றார்கள். கடைசியில் அவர் சேவியரிடம் வந்து, உங்கடை ஊரின்ரை பேரை ஒருக்காச் சொல்லுங்கோ, நான் சரியாச் சொல்லப் பழக வேணும் என்று கேட்டார். சொல்லிப் பழகினார். அதற்குப் பிறகு சேவியர் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. வியாழக்கிழமைகளில் சமோசா பொரித்துத் தரத் தொடங்கினார்.

நிற்கிற ஆட்கள் வரவரக் குறைந்துகொண்டு வந்தார்கள். அங்கே ஒரு பஸ் வெடித்தால் இங்கே ஒரு கதிரை குறையும். அங்கே ஊரடங்கு போட்டால் இங்கே இன்னொரு கதிரை குறையும். ஒரு கட்டத்தில் பலஸ்தீனர் பக்கத்தில் எலியாஸ் அண்ணை ஒருவர்தான் மிஞ்சினார். அவருடைய மனைவி சல்வா அக்கா ஒரு நாளும் வந்ததில்லை. காரணம் நதீம். நதீம் எலியாஸ் அண்ணையின் கடைசித் தம்பி. தாயில்லாத பிள்ளை. சல்வா அக்கா கலியாணம் முடித்து அந்த வீட்டுக்கு வந்தபோது அவனுக்கு நடக்க மட்டும்தான் தெரியுமாம். ஊட்டி வளர்த்தது அவர்தான். இவர்கள் ஜேர்மனிக்கு வந்த பிறகு, அங்கே கலவரம் நடந்த ஒரு மாரிகாலத்தில், ஊரடங்கு நேரத்தில் சாப்பாட்டுக்குப் பாண் வாங்கப் போன நதீமை ஆமிக்காரர் சுட்டுவிட்டார்கள். “அவையோடை நிக்கிறதெண்டால் நீங்கள் நில்லுங்கோ. நான் வீட்டிலை நிக்கிறன்” என்று சல்வா அக்கா சொல்லிவிட்டார். எலியாஸ் அண்ணை ஒரு நாளும் வற்புறுத்தவில்லை. நான் ஒரு முறை, கூட்டிக்கொண்டு வாருங்கோவன் என்று சொன்னதற்கு, “இழுத்துக்கொண்டு வந்து நிப்பாட்டினால் அது நிக்கிறதில்லை” என்றார்.

அந்த நிலைமையில்தான் யோவாவ் வந்தான். சைக்கிள் திருத்துகிற கடையில் வேலை செய்கிற இஸ்ரேல் பெடியன். பெடியன் என்கிறேன், முப்பதை எட்டிப் பிடிக்கப்போகிற ஆள். கையெல்லாம் கிறீஸ். சமோசா என்றால் உயிர். வந்து சில கிழமை வாயே திறக்கவில்லை. ஒரு வியாழக்கிழமை நடுக்கதிரையில் போய் இருந்தான். எதிர்க்கதிரையில் எலியாஸ் அண்ணை. யோவாவ் நிலத்தைப் பார்த்துக்கொண்டு இதைத்தான் சொன்னான்:

“எனக்குப் பத்தொன்பது வயசு. உங்கடை ஊருக்குப் பக்கத்திலை ஆமியிலை நிண்டனான். ஊரடங்கு நேரம். இருட்டுக்குள்ளை ஆரோ ஓடினது. எனக்குப் பயம். சுட்டன். விழுந்த ஆள் ஆரெண்டு எனக்கு இண்டைக்கும் தெரியாது.”

நதீமைச் சுட்டவர்களில் அவனும் ஒருவனா என்று யாருக்கும் தெரியாது. அவனுக்கும் தெரியாது. அவன் அங்கே ஆமியில் நின்றது அதே மாரிகாலம்.

இனி எலியாஸ் அண்ணை திருப்பிச் சொல்ல வேண்டும். நாங்கள் எல்லோரும் அவருடைய வாயைப் பார்த்தோம். “உனக்குப் பத்தொன்பது வயசு” என்று தொடங்கினார். அதற்கு மேல் வரவில்லை. எழும்பினார், இடுப்பில் எப்போதும் தொங்குகிற திறப்புக்கோர்வையை மேசையில் வைத்தார், வெளியே போய்விட்டார். மனுசன் திறப்பில்லாமல் நடந்துபோனதை அன்றுதான் பார்த்தேன்.

அதற்குப் பிறகு வியாழக்கிழமைகளில் அவர் வரவில்லை. அவர் வராவிட்டால் அந்தப் பக்கத்தில் வேறு ஆள் இல்லை. ஆகவே நிற்பும் இல்லை. றூத் அம்மாவும் யோவாவும் ஒவ்வொரு கிழமையும் சதுக்கத்துக்கு வந்து, கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் போய்விடுவார்கள். மற்ற நாட்களில் எலியாஸ் அண்ணை வேலைக்கு வருவார், குழாய் திருத்துவார், என்னோடு பேசமாட்டார். கதிரை அடுக்குகிற அறையில் இரண்டு கதிரையை எடுத்து எதிரும் புதிருமாக வைப்பதும், திருப்பி அடுக்குவதும் எனக்குக் கேட்கும்.

எனக்குத் தெரிந்த வைத்தியம் பகிடி ஒன்றுதான். கதவடியில் கூட்டுகிற தும்புத்தடியோடு நின்று, “சோதினை வைச்ச வாத்தியாரே பெயிலோ?” என்று கேட்டேன். முகம் சிவந்து, போ வெளியிலை என்றார். போனேன். கொஞ்ச நேரத்தில் அவரே வந்து கூப்பிட்டார்.

“தங்கச்சி, இதிலை இரு. நீ அவன்.”

விளங்கவில்லை. யோவாவ் சொன்னதை நீ சொல்லு, நான் திருப்பிச் சொல்லிப் பழக வேணும் என்றார். தும்புத்தடியைச் சுவரில் சாத்திவிட்டு இருந்தேன். பகிடியாகத்தான் இருந்தேன். ஆனால் “ஆமியிலை நிண்டனான்” என்ற சொல் என் வாயாலேயே வந்தபோது பகிடி போய்விட்டது. எங்கள் வீட்டிலும் ஒருவன் மன்னார்க் கடலுக்கு மீன்பிடித் தொழிலுக்குப் போனவன் திரும்பி வரவில்லை, நேவி சுட்டுவிட்டது என்றார்கள். என் அக்காவின் மகன். அவனைச் சுட்டவனுக்கும் ஒரு வாய் இருந்திருக்கும், அவனும் பயம் என்றுதான் சொல்லியிருப்பானோ என்று அந்தக் கதிரையில் இருக்கும்போதுதான் முதன்முதலாக நினைத்தேன். முழுவதையும் சொல்லி முடித்தேன். எலியாஸ் அண்ணை திருப்பிச் சொல்லத் தொடங்கினார். “உனக்குப் பயம், எண்டாலும்” என்றார். “மிளகாய்” என்றேன். மறுபடி தொடங்கினார். “நீ சுட்டாய், ஏனெண்டால் நீங்கள் எல்லாரும்” என்றார். “மிளகாய்” என்றேன். என்னைக் கொல்லுகிற மாதிரிப் பார்த்தார். அன்று முடியவில்லை. அடுத்த நாளும் முடியவில்லை. அந்தக் கிழமை மண்டபத்து நிலம் துடைபடவே இல்லை. ஒரு நாள், மிளகாய் ஒன்றும் இல்லாமல், கடைசி வசனம் வரைக்கும் சொன்னார். நான் தலையாட்டினேன். இருவரும் எழும்பி, ஆளுக்கொரு பக்கம் பார்த்துக்கொண்டு கதிரை அடுக்கினோம்.

அந்த வியாழக்கிழமை அவர் சதுக்கத்துக்கு வந்தார். நின்றார்கள். பிறகு மண்டபத்தில் நடுக்கதிரையில் போய் இருந்து, யோவாவின் வசனங்களை அவனுக்கே திருப்பிக் கொடுத்தார். யோவாவ் தலையாட்ட மறந்து பார்த்துக்கொண்டிருந்தான். “தலையாட்டு, பெடியா, எனக்கு அடுத்தது சொல்ல வேணும்” என்றார். அவன் ஆட்டினான். பிறகு எலியாஸ் அண்ணை நதீமைப் பற்றிச் சொன்னார். பாணைப் பற்றி, அவனுக்கு ஊட்டின சல்வாவைப் பற்றி. யோவாவ் அதை ஒரு சொல்லும் கூட்டாமல் குறைக்காமல் திருப்பிச் சொன்னான். நான் சமையலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றேன். கோப்பைகளையெல்லாம் ஏற்கெனவே கழுவி வைத்தாயிற்று.

அவர்கள் இருவரும் நல்ல கூட்டாளிகள் ஆகிவிட்டார்கள் என்று எழுதினால் பொய். எலியாஸ் அண்ணை அவனைத் தொட்டதற்கெல்லாம் ஏசுவார். கிறீஸ் கையோடு கதிரையைத் தொடாதே என்பார். ஆனால் அடுத்த ஒலிவ் அறுவடைக்கு ஊருக்குப் போனபோது அவனையும் கூட்டிக்கொண்டு போனார். அவருடைய குடும்பத்து மரங்கள் நிற்கிற காணிக்குப் போகும் பாதையை ஆமி மறித்து வைத்திருந்தது. ஊர்ச்சனமும், யோவாவைப் போல வந்த இஸ்ரேலியர் சிலரும், பாதையிலேயே சாக்கை விரித்து இருந்துவிட்டார்கள். கல்லெறி இல்லை, சத்தம் இல்லை. தோடம்பழம் உரித்துப் பக்கத்தில் இருக்கிறவருக்குக் கொடுத்துக்கொண்டு இருந்தார்களாம். எழும்பு என்றால் எழும்புவதில்லை, தள்ளினால் திருப்பித் தள்ளுவதில்லை. சிலரை இழுத்துக்கொண்டு போய்க் கொஞ்சம் தள்ளி விட்டார்கள். அவர்கள் நடந்து வந்து திரும்பவும் இருந்தார்கள். பொழுது சாயப் போகிற நேரத்தில், பாதிக் காணிக்கு மட்டும் போகலாம் என்று விட்டார்களாம். “மற்றப் பாதி?” என்று கேட்டேன். “அடுத்த வருசம். சாக்கு இருக்குத்தானே” என்றார். யோவாவ் மரத்தில் ஏறத் தெரியாமல் ஏறி, காற்சட்டை கிழிந்து, ஊர்க் கிழவிகள் எல்லோரும் சிரித்த கதையை ஒரு மாதம் சொன்னார். சல்வா அக்காவுக்கும் சொல்லியிருக்கிறார். சல்வா அக்கா சிரிக்கவில்லை. ஆனால் அந்த ஒலிவ்காயில் ஒரு போத்தல் ஊறுகாய் போட்டு, ஆருக்கு என்று சொல்லாமல், மண்டபத்துக்குக் கொடுத்துவிட்டார். யோவாவ் போத்தலின் அடியில் இருந்த உப்புத் தண்ணீரைக்கூட விடவில்லை.

அடக்கப் பூசைக்கு நீங்கள் பலர் வந்திருந்தீர்கள். வராதவர்களுக்காக ஒன்றைச் சொல்லுகிறேன். அடக்கத்துக்கு முதல்நாள் செத்தவீட்டுக்குப் போனேன். அவர்களுடைய வழக்கத்தில் செத்தவீட்டில் சீனி போடாத கோப்பி. கசாயம் போல இருக்கும். சீனி கேட்கலாமா என்று யோசித்துக்கொண்டு, யன்னலடியில் நின்றேன். கீழே தெருவில், ஈரத்துக்குள், யோவாவ் நின்றான். மேலே வரப் பயம். சல்வா அக்காவும் யன்னலுக்கு வந்தார்.

“கீழை நிக்கிறது ஆர்?”

அவருக்குத் தெரியும். எனக்கும் தெரியும் அவருக்குத் தெரியும் என்று. பெயரைச் சொன்னேன். அவர் உள்ளே போய் ஒரு சின்னக் கோப்பையில் கோப்பி ஊற்றி என் கையில் தந்தார்.

“குடுத்திட்டு வா. கோப்பையை அவனைக் கொண்டுவரச் சொல்லு.”

கொண்டுபோய்க் கொடுத்துச் சொன்னேன். யோவாவ் கோப்பியை ஒரே மடக்கில் குடித்துவிட்டு, வெறும் கோப்பையை இரண்டு கையாலும் பிடித்தபடி, ஏதோ நிரம்பித் தளும்புகிறது போலப் படியேறினான். சல்வா அக்கா கதவடியில் நின்று கோப்பையை வாங்கினார். மற்ற ஆட்களோடு இரு என்று கையால் காட்டினார். மறுநாள் பெட்டி தூக்கிய ஆறு பேரில் அவனும் ஒருவன்.

எலியாஸ் அண்ணையின் பொருள் என்று என்னிடம் ஒன்றும் இல்லை. திறப்புகளைப் பங்குச் சுவாமி வாங்கிக்கொண்டார். என்னிடம் இருப்பது, கேட்டதைத் திருப்பிச் சொல்லுகிற அந்தப் பழக்கம். காலையில் நான் துப்புரவுக்குப் போகிற முதியோர் இல்லத்தில் குசுமா என்ற சிங்களப் பெண் வேலை செய்கிறாள். நீண்ட காலமாக ஒரே வாளியில் தண்ணீர் எடுத்தும் நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்ததில்லை. அடக்கம் முடிந்து நான் வீங்கின கண்ணோடு போன நாள், என்ன நடந்தது என்று கேட்டாள். சொன்னேன். அவளும் சொன்னாள். அவளுடைய தம்பி சம்பளத்துக்காக ஆமியில் சேர்ந்தவன், சண்டையில் காணாமல் போய்விட்டான், தாய் இன்னும் அவனுக்குச் சாப்பாடு எடுத்து வைக்கிறாள். எனக்கு வாயில் நிறைய வந்தது. எல்லாம் மிளகாய். அதை விழுங்கிவிட்டு, அவள் சொன்னதை மட்டும் திருப்பிச் சொன்னேன். குசுமா தலையாட்டினாள். இனி என் முறை. அக்காவின் மகனைப் பற்றி இன்னும் சொல்லவில்லை. வாற கிழமை சொல்லலாம் என்று இருக்கிறேன்.

அடக்கத்துக்குப் பிறகு வந்த முதல் வியாழக்கிழமை, றூத் அம்மா, யோவாவ், சமோசாவோடு சேவியர், நான் எல்லோரும் மண்டபத்தில் கூடினோம். நிற்பதற்கு அல்ல. அந்தப் பக்கத்தில் இனி யாரும் இல்லை, எலியாஸ் போட்ட விதியை எலியாஸ் இல்லாத நேரத்தில் மீறுவது சரியில்லை, இத்தோடு முடிப்போம் என்று றூத் அம்மா சொன்னார். யோவாவ் கதிரைகளை அடுக்கத் தொடங்கினான். வாசலில் சத்தம் கேட்டது. சல்வா அக்கா, கறுப்பு உடுப்போடு, கையில் துணி சுற்றிய ஒரு பலகை. எலியாஸ் அண்ணை நிற்கும்போது பிடிக்கிற பலகை. சேர்ந்து நிற்கிறோம் என்று மூன்று மொழியில் அவரே எழுதியது.

“நான் கதைக்க வரேல்லை. நிக்க வந்தனான்” என்றார்.

சதுக்கத்துக்குப் போனோம். சல்வா அக்கா ஒரு பக்கம், யோவாவும் றூத் அம்மாவும் மறுபக்கம், நடுவில் நான். பலகையைப் பிடிக்கச் சல்வா அக்காவுக்குக் கை ஏலவில்லை. துணியை எடுத்துவிட்டு என்னிடம் தந்தார். எழுத்தைப் பாராமல், தந்தபடியே நெஞ்சோடு பிடித்துக்கொண்டேன். சதுக்கத்து மணி அடித்தது, எல்லோரும் வாயை மூடினோம். அன்று வழமையைவிடக் கூடுதலான ஆட்கள் நின்று பார்த்தார்கள். பலர் தலையை ஒரு பக்கம் சரித்துப் பார்த்தார்கள். எலியாஸ் அண்ணைக்கு இந்த ஊரில் இவ்வளவு மரியாதை இருந்திருக்கிறதே என்று எனக்குக் கண் கலங்கியது. ஒரு மணித்தியாலம் முடிந்ததும் யோவாவ் என் பக்கம் திரும்பி, பலகை தலைகீழாக இருந்தது என்று சொன்னான். தொடங்கினவுடனேயே கண்டானாம். சல்வா அக்காவும் கண்டாராம். பேசக்கூடாது என்பது விதி.